பூட்டுக்காரரின் கட்டைவிரல்

காவல் துறையின் நூற்றாண்டுக் கண்காட்சிக்குக் கைரேகைப் பிரிவு ஒரு பழைய வழக்கைக் கொடுக்க வேண்டும் என்றார்கள். இயக்குநர் தன் வழக்கையே எடுத்துக் கொடுத்தார். பத்தொன்பது வருஷத்துக்கு முன் நடந்த நகைக்கடைக்காரர் கொலை அது. ஜன்னல் கண்ணாடியில் பதிந்திருந்த ஒரே ஒரு கட்டைவிரல் ரேகையை வைத்து, பூட்டு ரிப்பேர் செய்யும் ஒருவரைப் பிடித்துக்கொடுத்து அவர் பேர் வாங்கியிருந்தார்.

அந்த ரேகைப் படங்களைச் சுவரளவு பெரிதாக்கும் வேலை, அங்கே எட்டு வருஷமாக ரேகை பார்க்கும் நிபுணரான அவளுக்கு வந்தது. சும்மா இருக்க முடியாமல் பூதக்கண்ணாடியை வைத்துப் பார்த்தாள். ஏழு இடங்கள் ஒத்துப்போயின. எட்டாவது இடத்தில் ஜன்னல் ரேகையின் கோடு இரண்டாகப் பிரிந்தது. பூட்டுக்காரர் விரலிலோ அது பிரியாமல் நேராக ஓடியது. மை பிசகியிருக்குமோ என்று, வேறு வேறு நாளில் எடுத்த அவரது மூன்று பதிவுகளையும் பார்த்தாள். மூன்றிலும் அதே கதைதான். ஒரு கோடு இப்படி மாறினாலே விரல் வேறு ஆளுடையது.

கோப்பில் இரண்டு தாள்கள் ஒட்டிக்கிடந்தன. மெல்லப் பிரித்தாள். நடுவே ஒரு சீட்டு. அந்த ரேகையை அன்று மறுபடி சரிபார்த்த இரண்டாம் நிபுணர் சிவப்பு மையில் எழுதியிருந்தார்: 'ஒத்துப்போகவில்லை.'

அவளுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்திருக்கிறார்கள்!

நேரே இயக்குநர் அறைக்குப் போனாள். "சார், இது அவரு விரலே இல்ல."

"கண்காட்சிக்குப் படம் கேட்டேன்மா, தீர்ப்பு கேக்கல."

"இந்தச் சீட்டை நீங்க பாக்கலையா?"

அவர் சீட்டைத் தொடவில்லை. "அவன் பன்னண்டு வருஷம் உள்ள இருந்துட்டு வந்தாச்சு. செத்த பாம்பை இப்ப ஏன் அடிக்கிற?"

"அடி வாங்கினது பாம்பு இல்ல சார், மனுஷன்."

மறுநாள் பூட்டுக்காரரைத் தேடிப் போனாள். கொலைகாரனை நம்பி யார் வீட்டுப் பூட்டைக் கொடுப்பார்கள்? அவர் தன் அக்காவின் தையல் கடையில் மிஷின்களுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தார். அவள் சொல்லி முடிக்கும்வரை தலை நிமிரவில்லை.

"அன்னைக்குத் தொண்டை கிழியக் கத்தினேன்," என்றார். "எங்கம்மா சாகுற வரைக்கும் என் மூஞ்சியில முழிக்கல. இப்ப வந்து சொல்றீங்க."

"என்னை மன்னிச்சிடுங்க..."

அக்கா கத்தரிக்கோலை டொக்கென்று மேசையில் வைத்தாள். "மன்னிப்பு கிடக்கட்டும். எழுதிக் குடுப்பீங்களா?"

"குடுக்கிறேன்க்கா."

பதினொரு பக்கம் எழுதி, சீட்டோடு சேர்த்து நேரே நீதிமன்றத்தில் கொடுத்தாள். அந்த வாரமே அவளைச் சாமான் கிடங்குக்குத் தூக்கியடித்தார்கள். விசாரணை பதினான்கு மாதம் இழுத்தது. அதற்குள் இயக்குநர் பாராட்டு விழாவோடு ஓய்வு பெற்றுவிட்டார்.

தீர்ப்பு இரண்டே வரி: குற்றவாளி அல்ல, வழக்கிலிருந்து விடுவிக்கப்படுகிறார்.

பூட்டுக்காரர் நகரவில்லை. "ஐயா, சீட்டை மறைச்சவருக்கு என்ன?"

"அது இந்த வழக்கில் வராது."

"அப்ப எந்த வழக்குல வரும்?"

நீதிபதி அடுத்த கோப்பைப் புரட்டினார்.

அன்று மாலையே தையல் கடையில் மூவருமாக உட்கார்ந்து புதிய மனுவை எழுதினார்கள். சாட்சிப் பட்டியலில் முதல் ஆளாக அவள் தன் பெயரைப் போட்டாள்.