ஆஸ்டின் வீட்டு வெள்ளைக்காரர்கள்

தமிழ்ப் படங்களில் ஆஸ்டின் நடித்த வெள்ளைக்காரர்கள் எல்லாரும், படம் வெளியான வெள்ளிக்கிழமை சாயங்காலம் மின்சார ரயிலில் தாம்பரம் வந்து இறங்கி, அவர் வீட்டிலேயே தங்கிவிடுவார்கள். முதலில் வந்தவர் ஒரு கலெக்டர். அப்புறம் ஒரு ஜெயிலர், சாட்டையோடு ஓர் எஸ்டேட் துரை, மீசை சரியாக ஒட்டாத கர்னல்கள். பசி, தூக்கம் கிடையாது. படத்தில் பேசிய வசனத்தைத் தவிர வேறு பேச்சும் கிடையாது. வெட்டி எறிந்த காட்சியில் இருந்தவர்கள் மட்டும் வருவதில்லை.

இங்கிலாந்து நாடகக் கம்பெனியொன்றில் கதவு திறந்துவிடும் வேலைக்காரனாகவே நடித்துச் சலித்து, ஊர் சுற்ற வந்தவர் ஆஸ்டின். கிழக்குத் தாம்பரம் சர்ச்சில் பியூலா டீச்சர் பாடியதைக் கேட்டு, அவரையே கட்டிக்கொண்டு தங்கிவிட்டார். சினிமாக்காரர்கள் சுடவும் சுடப்படவும் கூப்பிட்டார்கள். ஒரு போஸ்டரிலும் பெயர் வரவில்லை, வீடுதான் நிறைந்தது. தெருவும் பழகிக்கொண்டது. சிலிண்டர் போட வரும் தாவீதைப் பார்த்து ஜெயிலர், "சுட்டுத் தள்ளு!" என்பார். "இன்னா சார், எப்பவும் இதே டயலாக்கா? பேஜாரா கீது. நவுரு சார்," என்று அவரை ஒதுக்கிவிட்டு உள்ளே போவான் தாவீது.

டீச்சருக்கு மட்டும் அது வேடிக்கையாக இல்லை. ஆஸ்டினின் இதயம் பழுதாகிவிட்டதென்று டாக்டர் சொன்ன அன்று கேட்டார்: "ஏங்க, நீங்க போயிட்டா இந்தக் கொலைகாரங்களோட நான் எப்படி இருப்பேன்?"

"நல்லவன் ஒருத்தன் வருவான், பியூலா."

அதற்காகவே, டாக்டர் தடுத்தும், கோவளத்தில் ஒரு படப்பிடிப்புக்குப் போனார். கடற்கரையில் குடையோடு நிற்கும் கிழவர் வேடம்; மனைவியிடம் ஒரே ஒரு வசனம். ஷாட் ஓகே ஆனது. குடையை மடிப்பதற்குள் இதயம் நின்றுவிட்டது.

கலெக்டரும் கர்னல்களும்தான் பெட்டியைத் தூக்கினார்கள். அதன்பின் டீச்சர் ராத்திரிக்குச் சமைப்பதையே விட்டுவிட்டார். படம் நீளமென்று வெட்டுகிறார்களாம் என்று பக்கத்து வீட்டு நாகலக்ஷ்மி தயங்கித் தயங்கிச் சொன்னார். படம் வெளியான வெள்ளிக்கிழமை ரயில்கள் ஒவ்வொன்றாக வந்து போயின. யாரும் வரவில்லை. வாசல் விளக்கை அணைக்கப் போகையில் கேட் திறந்தது. கோவளத்திலிருந்து பஸ்ஸில் வந்ததால் தாமதம். கால்சட்டை மடிப்பில் மணல், கையில் குடை. ஜெயிலர் எழுந்து நாற்காலியை விட்டுக்கொடுத்தார்.

"சாப்பிட்டியாம்மா?" என்றார் வந்தவர்.

"இன்னும் இல்லைங்க," என்று டீச்சர் அடுப்பைப் பற்றவைத்தார்.

இன்றைக்கும் தினமும் கேட்கிறார். அந்த ஒன்றுதான் அவருக்குப் பேசத் தெரியும். அதற்கு மேல் பேசுகிற புருஷன்மார் தாம்பரத்தில் அதிகமில்லை என்பதால், யாரும் அதை ஒரு குறையாகச் சொல்வதில்லை.