நவம்பர் ஒன்று, வேலை நாள்

தலை பின்னி முடித்து, தோழி ஜெயாவுக்காக வாசலில் நின்றுகொண்டிருந்தபோதுதான் இளவரசிக்கு இருசப்பனிடமிருந்து போன் வந்தது.

"இன்னாமா, பை வந்து அரை மணி நேரம் ஆவுது. ஆளக் காணோம்."

"எந்தப் பை மாமா?"

"எந்தப் பையா? பாகூர்லேருந்து வர்ற தபால் பை. இன்னும் வூட்டுலயா இருக்க?"

"இன்னிக்கி லீவுதானே மாமா. விடுதலை நாளு."

அந்தப் பக்கம் யாரோ மிச்சமிருந்த சரவெடியைக் கொளுத்தும் சத்தம் கேட்டது.

"விடுதலை நாளு புதுச்சேரி கவர்மெண்டுக்கு. பள்ளிக்கூடம், தாலுக்கா ஆபீசு எல்லாம் பூட்டுவான். தபாலு டெல்லி கவர்மெண்டு. அவங்களுக்கு நேத்து தீபாவளி லீவு, இன்னிக்கி வெறும் வெள்ளிக்கிழமை. போஸ்ட்டுக்காரி பொண்ணுக்கு இதக்கூடவா நான் சொல்லணும்?"

இளவரசி நின்ற இடத்திலேயே உட்கார்ந்துவிட்டாள்.

மணல்தாங்கலுக்குப் பதினேழு வருடமாகத் தபால் கொடுப்பவள் அவளுடைய அம்மா கல்பனா. இருசப்பன் வீட்டு முன்னறைதான் ஊரின் கிளைத் தபால் நிலையம், அவர்தான் போஸ்ட்மாஸ்டர். போன வாரம் ஏரிக்கரையில் சைக்கிளோடு சறுக்கி விழுந்து கல்பனாவுக்குக் கணுக்கால் எலும்பு விட்டுப்போனது. மாவுக்கட்டோடு உட்கார்ந்து எழ வசதியான கக்கூஸ் ஒதியம்பட்டில் தங்கை பிரேமாவின் வீட்டில்தான் இருந்தது. அங்கே போய்விட்டாள். லீவு போடுகிறவரே தனக்குப் பதில் ஆளை நிறுத்திவிட்டுப் போக வேண்டும் என்பது கிளைத் தபால் நிலையத்து முறை. ஆகஸ்டில் பதினெட்டு முடிந்த மகள், கல்லூரி விடுமுறையில் வீட்டில் இருந்தாள். அவள் பெயரையே கல்பனா எழுதிக் கொடுத்துவிட்டாள்.

"நீ சும்மா சைக்கிள் மிதிக்கற வேலன்னு நெனைக்காத," என்று போகும்போது சொன்னாள். "கையெழுத்து உன்னுது. பேரு என்னுது. பதினேழு வருஷத்துல என் மேல ஒரு புகாரு கெடையாது."

வேலைக்குத் தாமதமானதுகூடப் பெரிதில்லை. இளவரசியைக் கலக்கியது புதன்கிழமை நடந்த விஷயம்.

புதன்கிழமை மீனவர் தெருவில் தனக்கொடிக்கு ஒரு ஸ்பீடு போஸ்ட் வந்திருந்தது. உள்ளே பாஸ்போர்ட். மலேசியாவில் இருக்கும் மகளுக்கு இது தலைப்பிரசவம். பாஸ்போர்ட் கைக்கு வருவதற்கு முன்பே மருமகன் அவசரப்பட்டு மாமியாருக்கு விமான டிக்கெட் போட்டுவிட்டான். சனிக்கிழமை காலை பதினோரு மணிக்குச் சென்னையில் விமானம். இதெல்லாம் இளவரசிக்கு அன்றைக்குத் தெரியாது. அவள் போனபோது வீடு பூட்டியிருந்தது. தனக்கொடி மீன்கூடையோடு பாகூர்ப் பக்கம் போயிருந்தாள். இளவரசி முறைப்படி ஒரு சீட்டு எழுதிக் கதவிடுக்கில் செருகினாள். வந்தேன், வீடு பூட்டியிருந்தது, அடுத்து வரும் நாள் சனிக்கிழமை. கீழே தன் போன் நம்பர். பாஸ்போர்ட்டை விலாசத்து வீட்டில்தான் கொடுக்க வேண்டும், ஆபீசில் வைத்துக் கொடுக்கக் கூடாது என்று உறையை இருசப்பன் அலமாரியில் பூட்டி வைத்தார்.

சாயங்காலம் தனக்கொடி போன் செய்தாள். "பாப்பா, சனிக்கிழமைன்னு போட்டுகிற. அன்னிக்கி எனக்கு ப்ளேனு. வெள்ளிக்கிழம ராத்திரியே கெளம்பணும். வெள்ளிக்கிழம வர மாட்டியா?"

"வெள்ளிக்கிழமை விடுதலை நாளும்மா. லீவு."

அவ்வளவு உறுதியாகச் சொன்னாள். நவம்பர் ஒன்று லீவு என்பது அவளுக்கு ஒன்றாம் வகுப்பிலிருந்து தெரிந்த விஷயம். லீவு நாளில் அவள் எழுந்திருப்பதே பத்து மணிக்கு. அம்மா அன்றைக்கும் பையை மாட்டிக்கொண்டு போனாளா இல்லையா என்று யார் கவனித்தது?

"அப்ப டிக்கெட்ட மாத்தச் சொல்லிட வேண்டிதுதான்," என்றாள் தனக்கொடி. குரல் இறங்கிவிட்டது. "வெள்ளிக்கிழம மத்தியானம் வரைக்கும் பாத்துட்டு மாத்தறேன்னு மருமவன் சொல்லிச்சி. வேற டிக்கெட்டு பத்து நாளு கழிச்சிதான் கெடைக்குமாம். அதுக்குள்ள கொழந்த பொறந்துடும். சரி, உன்ன இன்னா சொல்றது. லீவுன்னா லீவு."

இப்போது மத்தியானம் வர இன்னும் இரண்டு மணி நேரம்தான் இருந்தது. இளவரசி தனக்கொடியின் நம்பரைப் போட்டாள். அணைத்து வைக்கப்பட்டிருப்பதாக ஒரு குரல் சொன்னது.

ஜெயா ஸ்கூட்டியில் வந்து நின்றாள். கடற்கரைச் சாலையில் அணிவகுப்புப் பார்க்கப் போவதாகத் திட்டம். புதுச் சுடிதார், தலையில் கனகாம்பரம்.

"ஏண்டி மூஞ்சி இப்படி கீது?"

"எனக்கு இன்னிக்கி வேலையாம்டி."

"ஊருக்கே விடுதலை கெடைச்சிது. உனக்கு மட்டும் கெடைக்கலயா?"

"வெளையாடாத ஜெயா. வண்டியக் குடு."

முகத்தைப் பார்த்ததும் ஜெயா சாவியைக் கொடுத்தாள். "பெட்ரோல் நீ போடணும். பரேட டிவில பாத்துக்கறேன், போ."

இருசப்பன் தபால்களைப் பிரித்து அடுக்கி வைத்திருந்தார். புதன்கிழமை பூட்டி வைத்த பாஸ்போர்ட் உறையை அலமாரியிலிருந்து எடுத்தார். புதன்கிழமை சொன்னதை இளவரசி ஒன்றுவிடாமல் அவரிடம் சொன்னாள். அவர் திட்டவில்லை. கடிகாரத்தைப் பார்த்தார்.

"பத்தேகால். மொதல்ல வூட்டுக்குப் போய்ப் பாரு."

வீடு பூட்டித்தான் இருந்தது. அவள் செருகிய சீட்டு இல்லை. பக்கத்து வீட்டிலிருந்து தனக்கொடியின் தம்பி கமலக்கண்ணன் பல்குச்சியோடு வெளியே வந்தான். நேற்று அமாவாசை ஆரம்பித்ததால் கட்டுமரம் எதுவும் இறங்கவில்லை. தெரு முழுக்க ஆண்கள் சும்மா இருந்தார்கள்.

"அக்கா இல்ல. அரியாங்குப்பத்துல பெரிய அக்கா வூட்டுக்கு நோம்பு அதிரசம் எடுத்துகினு போயிருக்கு. இன்னா, பாஸ்போட்டா? குடு, நான் குடுத்துடறேன்."

"போன் போக மாட்டேங்குதுண்ணே."

"அது என்னிக்கி சார்ஜு போட்டுது? குடும்மா."

"குடுக்கக் கூடாதுண்ணே. பாஸ்போர்ட்டு பேருக்கு உரியவங்க கையிலதான் குடுக்கணும்."

"நான் இன்னா திருடனா? கூடப் பொறந்தவன். உங்கம்மாவா இருந்தா இந்நேரம் குடுத்துட்டுப் போயிருப்பாங்க."

இரண்டு மூன்று பேர் கூடிவிட்டார்கள். "குடுத்துத் தொலையேம்மா, அவசரம்தானே," என்றார் ஒருவர். இளவரசி கையிலிருந்த உறையைப் பார்த்தாள். கொடுத்துவிட்டால் இந்தக் கணமே எல்லாம் முடிந்துவிடும். அவன் பைக்கில் அரை மணியில் போய்விடுவான். அவள் செய்த தப்பும் அதோடு மறைந்துபோகும், யாருக்கும் தெரியாமல்.

உறையைப் பைக்குள் வைத்துப் பக்கிளைப் போட்டாள்.

"எங்கம்மாவும் குடுத்திருக்க மாட்டாங்க. பெரிய அக்கா வூடு எங்கண்ணே?"

கமலக்கண்ணன் பல்குச்சியைத் துப்பினான். "அரியாங்குப்பம் பாலத்துக்கு முன்னால எடது பக்கம் ரைஸ் மில்லு சந்து. மூணாவது வூடு. எடுத்துகினு போய் அங்க குடுக்கப் போற, அவ்ளோதானே? அத நான் செஞ்சா ஆவாதா?"

"அங்கயும் குடுக்க முடியாது. உறையில இந்த வூட்டு விலாசம்தான் இருக்குது. அவங்கள இங்க கூட்டினு வரப் போறேன்."

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். அவள் திரும்பிப் பார்க்காமல் வண்டியை எடுத்தாள். வழியில் இருசப்பனிடம் உறையைக் கொடுத்து மறுபடி பூட்டச் சொன்னாள். அவர் பூட்டினார்.

கடலூர் சாலையில் வண்டிகள் தேர் போல நகர்ந்தன. விடுமுறை நாளென்று ஊரே டவுனுக்குப் போய்க்கொண்டிருந்தது. தவளக்குப்பத்தில் சிக்னல் விழவே இல்லை. பின்னால் ஒருவன் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தான். மணி பதினொன்று, பதினொன்றே கால். தனக்கொடி கேட்கப் போகும் கேள்விகளை நினைத்துப் பார்த்தாள். பாவி, உன்னால பேரன் மூஞ்சியப் பாக்காமப் போனேன். அதற்கு என்ன பதில் சொல்வது? சாலையோரம் வண்டியை நிறுத்தி அழுதால் நன்றாக இருக்கும் என்று ஒருமுறை தோன்றியது. நிறுத்த இடமில்லாததால் அழவில்லை.

ரைஸ் மில் சந்தில் மூன்றாவது வீட்டு வாசலில் தனக்கொடி உட்கார்ந்து அக்காவுக்குப் பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள்.

"தனக்கொடிம்மா, நான் தப்பா சொல்லிட்டேன்." வண்டியிலிருந்து இறங்குவதற்கு முன்பே சொல்லிவிட்டாள். "இன்னிக்கி தபாலு உண்டு. பாஸ்போர்ட்டு ஆபீசுல இருக்குது. டிக்கெட்ட மாத்த வேணாம்னு மொதல்ல சொல்லுங்க."

தனக்கொடி மடியிலிருந்த பூண்டெல்லாம் சிதற எழுந்தாள். "எக்கோவ், உன் போன எடு. மருமவனுக்குப் போடு."

மலேசியாவில் போன் அடித்தது. எடுக்கவில்லை. மறுபடி அடித்தது.

"அத்தே, இப்பதான் மாத்தறதுக்கு உக்காந்தேன்," என்றது மருமகனின் குரல்.

"எழுந்திரு. மாத்தாத. நான் வரேன்."

போனைக் கொடுத்துவிட்டு இளவரசியை ஏற இறங்கப் பார்த்தாள் தனக்கொடி. "லீவுன்னு அடிச்சி சொன்னியே பாப்பா."

"சொன்னேம்மா. எனக்குத் தெரியல."

"நேத்து முழுக்க நான் சோறு துன்னல, தெரியுமா? தீபாவளியும் அதுவுமா." சொல்லிவிட்டு, சேலைத் தலைப்பால் இளவரசியின் முகத்தில் வழிந்த வேர்வையைத் துடைத்தாள். "ரவ தண்ணி குடி. வண்டிய நீதானே ஓட்டணும்."

பன்னிரண்டரைக்கு உறையை எடுத்துக்கொண்டு மீனவர் தெருவுக்குள் நுழைந்தார்கள். காலையில் கூடியவர்கள் கலையவே இல்லை போலிருந்தது. தனக்கொடி பூட்டைத் திறந்து, தன் வாசலில் தானே நின்றாள்.

"குடு கண்ணு."

"ஆதார் காட்டுங்கம்மா."

"என்னத் தெரியாதா உனக்கு? பத்து வருஷமா உங்க வூட்டுக்கு நான்தான் மத்தி குடுக்கறேன்."

"தெரியும். ஆதார் காட்டுங்க."

தெரு சிரித்தது. தனக்கொடியும் சிரித்துக்கொண்டே இடுப்புச் சுருக்குப் பையிலிருந்து ஆதாரை எடுத்தாள். மீன் வாசம் அடித்தது. இளவரசி பெயரையும் படத்தையும் ஒத்துப் பார்த்தாள். கையெழுத்து வாங்கும் டெலிவரி போனை நீட்டினாள். ஐஸில் மீன் அள்ளி அள்ளி வெடித்திருந்த விரலை அந்தத் திரை ஏற்கவில்லை. தனக்கொடி விரலைச் சேலையில் துடைத்து மறுபடி வைத்து, ஒவ்வோர் எழுத்தாகத் தன் பெயரை எழுதி முடித்தாள். உறை கை மாறியது.

"என்கிட்ட குடுக்கச் சொன்னேன். மாட்டேன்னுட்டா," என்றான் கமலக்கண்ணன்.

"நல்லவேள. என் ரேஷன் கார்ட வாங்கியாந்து மூணு நாளு லுங்கியில முடிஞ்சிகினு சுத்தனவன்தானே நீ." தனக்கொடி தெருவைப் பார்த்து, எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னாள்: "கல்பனா பொண்ணு. என்கிட்டயே ஆதார் கேக்குது பாரு."

அந்தக் குரலில் இருந்தது கோபமில்லை என்று இளவரசிக்குப் புரிய ஒரு கணம் ஆனது. புரிந்ததும், மீதித் தபால்களைக் கொடுக்க முதுகை நிமிர்த்திக்கொண்டு நடந்தாள்.

சாயங்காலம் விளக்கு வைத்த பிறகு அம்மாவுக்குப் போன் செய்தாள். எல்லாவற்றையும் சொன்னாள். விடுதலை நாள் லீவு என்று சொன்னதை முதலில் சொன்னாள். நல்லதை முதலில் சொன்னால் கெட்டதைச் சொல்ல வாய் வராது என்று தெரியும். கேட்டு முடித்துக் கல்பனா கேள்விகளை ஆரம்பித்தாள்.

"கமலக்கண்ணன் கேட்டானா?"

"கேட்டாரும்மா."

"குடுக்கலயே?"

"இல்ல."

"ஆதார் பாத்தியா? தெரிஞ்சவங்கதானேன்னு உட்டுடலயே?"

"பாத்தேன்."

"புகாரு கிகாரு இன்னா?"

"தனக்கொடிம்மா குடுக்கலம்மா. ஆனா தப்பு என்னுதுதான்."

"உன்னுதுதான். அடுத்த வருஷம் நவம்பர் ஒண்ணு எத்தினி மணிக்கி எழுந்திருப்ப?"

"ஏழு மணிக்கி."

"சரி, போய்த் துன்னு. அப்பாவுக்கும் போட்டு வை."

கல்பனா போனைக் கட்டிலில் வைக்கும் சத்தம் கேட்டது. துண்டிக்க மறந்துவிட்டாள். இளவரசி துண்டிக்கப் போனவள் நின்றாள். தூரத்தில், ஒதியம்பட்டு வீட்டின் டிவி சத்தத்தைத் தாண்டி, அம்மாவின் குரல் சித்தியிடம் பேசியது.

"பிரேமா, அந்த டிவிய ரவ நிறுத்தேன். கேளு இத. கூடப் பொறந்த தம்பிகிட்டயே குடுக்கலயாம். தெருவே நின்னு குடு குடுன்னு கேட்டுகீது. இவ வண்டிய எடுத்துகினு அரியாங்குப்பம் போயி ஆளக் கூட்டியாந்து, அவங்க வாசல்ல நிக்க வெச்சிக் குடுத்துகீறா. அதுவும் ஆதார் பாத்துட்டு."

சித்தி என்ன சொன்னாளோ கேட்கவில்லை.

"பின்ன? எம் பொண்ணு," என்றாள் கல்பனா.

இளவரசி சோற்றுத் தட்டை மடியில் வைத்துக்கொண்டு, போனைக் காதிலிருந்து எடுக்காமல், மெதுவாகச் சாப்பிட்டாள்.