அடிப்பதற்கென்றே எடுத்த ஆள்

கிளெம் ராஃப்டி கூடைப்பந்தை நம்பி வயிறு வளர்த்தவன். எந்த ஊரும் அவனை இரண்டு சீசனுக்கு மேல் வைத்துக்கொண்டதில்லை. டார்வின், பெண்டிகோ, ஹோபார்ட், பிஜியில் பாதி ஆண்டு என்று அலைந்து, முப்பத்து நாலு வயதில் குயின்ஸ்லாந்துக் கடற்கரையில் கேலன் பே என்ற கரும்பு ஊருக்கு வந்து சேர்ந்தான். முன்போல் அவனால் எம்பிக் குதிக்க முடியாது. ஆனால் வளையத்துக்குக் கீழே அவன் நின்றால் அவன் முழங்கைக்குப் பயந்து அந்தப் பக்கம் வர எவனும் யோசிப்பான். அந்த முழங்கைதான் அவனுக்குச் சோறு போட்டது.

அன்று வாரிகல் அணி ஆட வந்திருந்தது. தகரக் கூரைக்குக் கீழே அரங்கு கொதித்தது. வாரிகலின் டாவ், இருபது வயது சமோவாப் பையன், ஆரம்பத்திலேயே கேலன் பே ஆட்களைப் பம்பரமாகச் சுற்றவிட்டான். பயிற்சியாளர் டெனி ஓல்சன் கிளெமின் பனியனைப் பிடித்து இழுத்தார்.

"என்ன வேடிக்கை பாக்குற? அவனை உக்கார வை."

"ஃபவுல் பண்ணி நிறுத்தட்டா?"

"உக்கார வைன்னா என்ன அர்த்தம்னு உனக்குத் தெரியாதா? முடியலைன்னா மூட்டையைக் கட்டு."

கிளெம் தயங்கினான். டாவின் அண்ணன் ஃபாலேயும் அதே வாரிகல் அணியில் ஆடிக்கொண்டிருந்தான். டார்வினில் கிளெமும் ஃபாலேயும், அப்போது சிறுவனாக இருந்த டாவும் ஒரே வீட்டில் குடியிருந்தவர்கள். ஃபாலே தேங்காய்ப்பால் ஊற்றிச் சமைத்ததை ஒரு சீசன் முழுக்க உட்கார்ந்து தின்றவன் கிளெம்.

டாவ் மறுபடி வளையத்தை நோக்கி எழும்பினான். கிளெமும் எழும்பினான். பந்தை அவன் பார்க்கவே இல்லை. முழங்கை மூக்கில் இறங்கியது. காய்ந்த கரும்பை ஒடித்த மாதிரி சத்தம். பையன் மல்லாந்து விழுந்தான். பலகைத் தரையில் ரத்தம் ஓடியது. கேலன் பே கூட்டம் எழுந்து நின்று கூவியது.

விசில் அடங்குவதற்குள் ஃபாலே பாய்ந்து வந்தான். முதல் குத்து கிளெமின் தாடையில் விழுந்தது, இரண்டாவது காதில். ஆறேழு பேர் சேர்ந்து பிரித்தார்கள். நடுவர் இருவரையும் வெளியே அனுப்பினார். ஆனால் இரண்டு அணிக்கும் உடை மாற்றும் அறைகள் ஒரே நடையில்தான் இருந்தன. அங்கே பிடிக்க ஆள் இல்லை.

"என் தம்பிடா அவன்! உன் தோள்ல ஏறி விளையாடினவன்டா!"

"ஃபாலே, சொல்றதைக் கேளு..."

ஃபாலே கேட்கவில்லை. கிளெமின் தலைமயிரைப் பிடித்துச் சுவரில் மோதினான். முஷ்டியால் இடது கண்ணில் குத்தினான். மறுபடியும் அங்கேயே குத்தினான். கண்ணுக்குள் ஏதோ உடைந்தது கிளெமுக்குத் தெரிந்தது. உயிர்ப்பயத்தில் அவனை உதைத்துத் தள்ளி, அறைக்குள் புகுந்து இரும்புக் கதவை முழு பலத்தோடு அறைந்து சாத்தினான். கதவு முழுக்க மூடிக்கொள்ளவில்லை. இடுக்கில் ஃபாலேயின் வலது கை இருந்தது. அது தெரிந்த பிறகும் கிளெம் இன்னொரு தடவை தள்ளினான்.

விசாரணையில் ஓல்சன், "நான் அடிக்கச் சொல்லவே இல்லை" என்றார். கிளெமை அன்றே கழற்றிவிட்டார்கள். சீசன் முடியும்வரை ஆடத் தடையும் விழுந்தது. இடது கண்ணில் பாதிப் பார்வைதான் மிச்சம். கரும்பு ஆலையில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தபோது ஒரு நாள் போன் வந்தது. ஃபாலே.

"விரல் மடங்க மாட்டேங்குது. இனிமே என்னால ஆட முடியாது."

கிளெம் தோளில் இருந்த மூட்டையை இறக்கி வைத்தான்.

"நான் இல்லைன்னதும் போற ஊர்ல எல்லாம் தம்பியைப் போட்டு மிதிக்கிறானுங்க. கூட நிக்க ஒருத்தன் வேணும். அடுத்த சீசனுக்கு வாரிகல் வர்றியா?"

"என்னைக் கூப்பிட உனக்கு வெக்கமா இல்லையா?"

"இருக்கு. உன்னை நெனச்சாலே இன்னும் கொல்லணும்போலத்தான் இருக்கு. வர்றியா, இல்லையா?"

போனான். முதல் நாள் பயிற்சியில் டாவ் அவன் முகத்தையே பார்க்கவில்லை. வளைந்த மூக்கோடு பேசாமல் ஆடினான். வளையத்தில் பட்டுத் திரும்பிய பந்துக்கு இருவரும் எழும்பியபோது, பார்வை மங்கிய இடது பக்கத்திலிருந்து ஒரு முழங்கை வந்து கிளெமின் வாயில் இறங்கியது. விழுந்தான். ஒருவன் அவனைத் தூக்கிவிட ஓடிவந்தான். கிளெம் கையை அசைத்து நிறுத்தினான். ஒரு பல் நாக்கில் கிடந்தது. துப்பினான்.

"போதுமா?" என்றான்.

"போதாது" என்றான் டாவ். பந்தை அவன் நெஞ்சை நோக்கி வீசினான். "எந்திரி. ஆடு."

கிளெம் எழுந்து நின்றான். வாயில் ஊறிய ரத்தத்தை விழுங்கிக்கொண்டு பந்தைத் தட்டத் தொடங்கினான்.