கதவடி இடம்

நோர்வேயின் தொழிலாளர் நல அமைச்சர் ஒரு மாநாட்டுக்காக ரொறன்ரோ வருகிறார், வரும்போது ஜெயமலரை இருபது நிமிடம் சந்திக்க விரும்புகிறார் என்று அவருடைய அலுவலகத்திலிருந்து மின்னஞ்சல் வந்தது. வாசித்தபோது ஜெயமலருக்குச் சந்தோசம் வரவில்லை. முதுகில் ஒரு சின்னக் குளிர்தான் வந்தது. முப்பத்தைந்து வருடத்துக்கு மேற்பட்ட பழைய குளிர்.

வீட்டில் எல்லாருக்கும் அந்தக் கதை தெரியும். அமைச்சர் ஸ்தைனார் லவுக்விக் எந்த மேடையில் ஏறினாலும் சொல்லுகிற கதை. பதினேழு வயதில் அவன் நோர்வேயின் வடக்குக் கரையிலே ஒரு மீன் தொழிற்சாலையில் கோடை வேலை செய்தான். மீன் வெட்டும் வரிசையில் கதவடி இடங்களில் எப்போதும் தமிழ்ப் பெண்களே நிறுத்தப்பட்டார்கள். வண்டி வந்து போகும்போதெல்லாம் கதவு திறக்கும், கடற்காற்று நேரே முதுகில் அடிக்கும். ஒரு நாள் காலை அவர்களில் ஒருத்தி தன் கத்தியோடு உள்ளே நடந்து போய், சுடுநீர்க் குழாய்க்குப் பக்கத்து இடத்தில் நின்றுகொண்டு, இன்றைக்கு நான் இங்கேதான் நிற்பேன் என்றாள். மேற்பார்வையாளர் கத்தினார். வரிசை பத்து நிமிடம் நின்றது. அவள் அசையவில்லை. பையன் போய் அவள் பக்கத்தில் நின்றான். அடுத்த கிழமையிலிருந்து கதவடி இடம் எல்லாருக்கும் முறை வைத்து வந்தது. பையன் கட்சியின் இளைஞர் அணியில் சேர்ந்தான். பிறகு நகரசபை, மேயர், பாராளுமன்றம், கடைசியில் அமைச்சு. 'என்னை அரசியலுக்குக் கொண்டுவந்தவர் ஜெயமலர்' என்று பதவியேற்ற அன்றும் சொல்லியிருந்தான். அமைச்சரானாலும் ஜெயமலர் மனதில் அவன் இன்னும் அந்தப் பையன்தான்.

அவளுடைய மகள் தனுஷிகா, ரொறன்ரோவுக்குப் பக்கத்து மார்க்கம் நகரில் பள்ளிச் சபைத் தேர்தலுக்கு நிற்கப்போகிறவள். தன் துண்டுப்பிரசுரத்தின் முதற் பந்தியே அம்மாவின் கதைதான்.

உள்ளே நடந்து போனது ஜெயமலர் இல்லை. அவளோடு கதவடியில் நின்ற றெஜினா.

நான்தான் அது என்று ஜெயமலர் ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. நானில்லை என்றும் சொன்னதில்லை. இணையத்தில் முதன்முதலாகத் தன் பெயரைக் கண்டபோது, வெள்ளைக்காரனுக்கு இரண்டு தமிழ்ப் பெண்களின் முகம் பிரித்துத் தெரியவில்லை என்று நினைத்துக்கொண்டாள். வசதியான காரணம். நெடுங்காலம் அதிலேயே காலை நீட்டிப் படுத்திருந்தாள்.

இரண்டாவது மின்னஞ்சலை அமைச்சரின் உதவியாளர் வேரோனிக்கா அனுப்பினாள். அமைச்சரைப் பற்றிய பழைய பத்திரிகைத் துண்டுகளைச் சேர்த்து ஒரு தொகுப்பு செய்கிறோம், பிழை ஏதும் இருந்தால் சொல்லுங்கள் என்று எழுதி முப்பது பக்கங்களை இணைத்திருந்தாள்.

காலையில் வேலைக்குப் போக முதல், சமையலறை மேசையில் தேத்தண்ணியோடு இருந்து, நாளுக்கு இரண்டு மூன்று பக்கமாக ஜெயமலர் வாசித்தாள். துருப்பிடித்திருந்த நோர்வே மொழி சொல்லுச் சொல்லாகத் திரும்பி வந்தது. ஆரம்பத்தில் பயத்தோடு வாசித்தவளுக்குப் போகப் போக வேறொன்று பிடித்துக்கொண்டது. ஒரு மனிதனின் கதை எந்த இடத்தில், எப்படி வளர்கிறது என்று பார்க்கும் ஆவல்.

மேயராக இருந்தபோது சொன்னதில் மேற்பார்வையாளர் கத்தியை நிலத்தில் எறிகிறார். நகரசபைக்கு நின்றபோது சொன்னதில் கத்தி எறிவது இல்லை, பையன் பக்கத்தில் போய் நிற்பது மட்டும் இருந்தது. எல்லாவற்றுக்கும் முந்தியது 1989ஆம் ஆண்டு இளைஞர் அணியின் தட்டச்சுச் செய்தித்தாள். பதினேழு வயதுப் பையன் தானே எழுதியது. அதில் பெயர் தெளிவாக இருந்தது: றெஜினா. அதில் அவன் பக்கத்தில் போய் நிற்கவும் இல்லை. 'நான் பார்த்துக்கொண்டு நின்றேன். எனக்கு வெட்கமாக இருந்தது' என்று எழுதியிருந்தான்.

அந்த வரியை அவள் பலமுறை வாசித்தாள். அப்போ அவனுக்கும் வெட்கம்.

பிறகு தன் பெயர் எப்போது உள்ளே வந்தது என்று தேடினாள். 2005 மார்கழி. அவன் பாராளுமன்றத்துக்குத் தெரிவாகி மூன்று மாதம். அந்த முதற் செய்தித்தாளுக்குப் பிறகு அதுவரை எங்கேயும் 'ஒரு தமிழ்ப் பெண்' மட்டுந்தான்.

தேத்தண்ணி ஆறிப்போனது. 2005 ஐப்பசியில் அவனுக்கு வாழ்த்துக் கடிதம் போட்டவள் அவள்தான். ஒவ்வொரு வரியும் ஞாபகத்தில் இருந்தது. 'கதவடியில் நின்ற தமிழ்ப் பெண்ணை ஞாபகம் இருக்கிறதா? நான்தான்.' பொய்யில்லை. கதவடியில் மூன்று பேர் நின்றார்கள். 'உங்களை எப்படி மறப்பேன்' என்று கைப்பட எழுதிய பதில் வந்தது. திருத்தி ஒரு வரி போட்டிருக்கலாம். அவள் அந்தக் கடிதத்தை மடித்துச் சேலைக்குள் வைத்து அலுமாரியில் பூட்டினாள்.

ஏன் என்று இப்போது தன்னையே கேட்டுப் பார்த்தாள். கனடாவுக்கு வந்து மில்லிக்கன் பகுதியில் நிலக்கீழ் அறையில் வாடகைக்கு இருந்த காலம் அது. கணவர் வேலைக்கு, பிள்ளை பள்ளிக்கூடத்துக்கு. நாள் முழுக்க அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட ஒருவரும் இல்லை. அந்தக் கடிதத்தில் தன் பெயர் முழுதாக, நீல மையில் இருந்தது. காரணம் அவ்வளவுதானா? இல்லை, இன்னொன்றும் இருந்தது. அந்தக் காலையில் அவள் என்ன செய்தாள் என்பதை அந்தப் புதுக் கதை மூடி வைத்தது.

பக்கத்து ஊரான ஸ்ரௌவ்வில்லில் இருக்கும் றெஜினாவோடு அவள் பேசிப் பதினொரு வருடம். நம்பரைச் செத்தவீட்டு நோட்டீசு ஒன்றிலிருந்து எடுத்தாள்.

"றெஜினாவோ? நான் ஜெயா."

"எந்த ஜெயா? பாங்க் ஜெயாவோ, மீன் ஜெயாவோ?"

"மீன் ஜெயா."

றெஜினா சிரித்தாள். ஜெயமலர் எல்லாவற்றையும் சொன்னாள், கடிதத்தையும் விடாமல். சொல்லி முடிக்கும்வரை மறுபக்கத்தில் சட்டியில் ஏதோ தாளிக்கும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. பிறகு அடுப்பை அணைத்தாள் போல, சத்தம் நின்றது.

"உந்தப் பொடியனே மந்திரி? ஒரு மீனை ஒழுங்கா வெட்டத் தெரியாதவன்." பிறகு கேட்டாள்: "நீ என்ர சட்டைக் கையைப் பிடிச்சுத் திரும்பக் கதவடிக்கு இழுத்தனி. அது உந்தக் கதையிலை இருக்கோ?"

"இல்லை."

"அந்த மனுசன் கத்தினது எனக்கு ஒண்டுமில்லை ஜெயா. அவன் எனக்கு ஆர்? நீ இழுத்ததுதான்."

"பயத்திலை இழுத்தனான். வேலை போனா விசாவும் போயிடும் எண்டு."

"அது எனக்குத் தெரியும். நீ வந்து சொல்லுவாய் எண்டு பாத்தனான்."

அமைச்சரைச் சந்திக்கிற ஹோட்டலுக்கு வாறியோ என்று ஜெயமலர் கேட்டாள்.

"படம் எடுக்க எண்டால் வரேல்லை, முழங்கால் நோ. நீ அதை அவனுக்குச் சொல்லுறாய் எண்டால் வாறன்."

துண்டுப்பிரசுரத்தை அச்சுக்குக் கொடுக்க வேண்டாம் என்று ஜெயமலர் மகளிடம் சொன்னாள். அம்மா, இட்ஸ் ஆல்ரெடி அப்ரூவ்ட், என்றாள் தனுஷிகா. வெள்ளிக்கிழமை எங்களைக் காரில் கூட்டிக்கொண்டு வா, அங்கே நின்று கேள், பிறகு நீயே முடிவு செய் என்றாள் தாய். மகள் அதற்கு மேல் கேட்கவில்லை. ஆனால் மூன்று நாளாகத் தாயின் முகத்தையே பார்த்துக்கொண்டு திரிந்தாள். அந்தப் பார்வை ஜெயமலருக்குப் பாரமாக இருந்தது. தன்னைப் பற்றி மகளிடம் இருக்கிற ஒரே பெரிய கதை அதுதான்.

ஹோட்டல் அறையில் ஸ்தைனார் கைகளை விரித்துக்கொண்டு வந்தான். தலை நரைத்து, உடம்பு அகன்று, நல்ல கோட்டுப் போட்ட மனிதன். ஜெயமலரின் இரண்டு கைகளையும் பிடித்தான். றெஜினாவுக்கு மரியாதையாகத் தலையசைத்தான், யாரோ துணைக்கு வந்தவர் என்று. வேரோனிக்கா படப்பிடிப்பாளரை ஜன்னல் பக்கம் நிறுத்தினாள். தனுஷிகா கதவோடு நின்றாள்.

ஜெயமலர் கைப்பையிலிருந்து அந்த 1989ஆம் ஆண்டுப் பக்கத்தை எடுத்து நீட்டினாள். தேடிப் பிடித்துக் கோர்த்து வைத்திருந்த நோர்வே மொழியில் சொன்னாள்: "நீங்கள் எழுதியது. இதில் பிழை இல்லை. மற்ற எல்லாவற்றிலும் இருக்கிறது. உள்ளே போனவர் இவர், றெஜினா."

அவன் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தான். மெதுவாக, கடைசி வரிவரைக்கும். அவன் காது மடல்கள் சிவந்தன. தொழிற்சாலையில் யாரும் ஏசினால் சிவப்பதைப் போலவே. அப்போதுதான் ஜெயமலர் அவனை அடையாளம் கண்டாள்.

"நான் பக்கத்தில் போய் நிற்கவில்லை," என்றான் தாழ்ந்த குரலில். "போயிருக்கவேண்டும் என்று அவ்வளவு தடவை நினைத்ததில், போனதாகவே ஆகிவிட்டது." றெஜினாவைப் பார்த்தான். பிறகு ஜெயமலர் பக்கம் திரும்பி, ஆங்கிலத்துக்கு மாறி, இத்தனை வருடத்தில் எந்தப் பத்திரிகையும் கேட்காத ஒன்றைக் கேட்டான். மந்திரி கேட்பது போல இல்லை. உண்மையிலேயே அறிய விரும்புகிற பையன் கேட்பது போல.

"அப்போ நீங்கள் என்ன செய்தீர்கள்?"

கதவடியில் தனுஷிகா நிமிர்ந்தாள்.

ஜெயமலர் ஓரடி எடுத்து வைத்து, றெஜினாவின் கோட்டுக் கையைப் பிடித்தாள். அன்றைக்குப் பிடித்த அதே இடத்தில், முழங்கைக்குச் சற்றுக் கீழே. பிடித்து, வா என்று கதவுப் பக்கம் இழுத்தாள்.

றெஜினா அசையவில்லை.