இன்ஸ்பெக்டருக்கு வைத்த பத்திரிகை

இன்ஸ்பெக்டர் கொஞ்சம் சோம்பேறியாக இருந்திருந்தால் நான் இப்போது வெளியே இருப்பேன். கிண்டல் இல்லை, சட்டமே அப்படித்தான் இருக்கிறது. வக்கீல் தேவிப்ரியா விளக்கமாகச் சொன்னார்.

"அறுபது நாளைக்குள்ள போலீஸ் சார்ஜ்ஷீட் போடலைன்னா ஜாமீன் உங்க உரிமை, சேரன். கோர்ட்டே மறுக்க முடியாது. அறுபத்தோராம் நாள் காலையில மனுப் போட்டுர்றேன். அதுவரைக்கும் வீட்டுல கூட மூச்சு விடாதீங்க. அவங்களுக்கு ஞாபகம் வந்து முந்திக்கிட்டா எல்லாம் போச்சு."

நான் பொன்னமராவதியில் வாடகைக்குக் குட்டியானை லோடு வண்டி ஓட்டுகிறவன். பழைய இரும்பு என்று இரண்டு பேர் ஏற்றிய மூட்டைகளில் யார் யார் தோட்டத்திலோ திருடிய மோட்டார் ஒயர் இருந்தது. அவர்கள் இறங்கி ஓடிவிட்டார்கள். ஸ்டியரிங்கைப் பிடித்திருந்த நான் மாட்டிக்கொண்டேன். அவர்கள் பிடிபடவில்லை என்பதைக் காட்டியே என் ஜாமீன் மனு இரண்டு முறை தள்ளுபடியானது.

எங்கள் அறையில் புரண்டு படுக்க வேண்டுமென்றால் பக்கத்தில் கிடப்பவனிடம் சொல்லிவிட்டுத்தான் புரள வேண்டும். அதையும் பொறுத்துக்கொண்டேன். தங்கச்சி அன்புச்செல்வியின் மகளுக்குக் காதுகுத்து வைத்திருந்தார்கள். மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் குத்துவார்கள். அந்தப் பிள்ளைக்கு மாமன் நான் ஒருத்தன்தான். வக்கீல் சொன்னபடி நடந்தால் அதற்குள் வீட்டுக்குப் போய்விடலாம்.

ஐம்பத்தொன்பதாம் நாள் ஆத்தா பார்க்க வந்தாள். முகமெல்லாம் சிரிப்பு.

"இனிக் கவலப்படாத சேரா. இன்ஸ்பெக்டர் ஐயாவுக்குப் பத்திரிக வச்சிட்டேன். வெத்தல பாக்கு பழத்தோட தட்டுல வச்சுக் குடுத்தேன். ஊருக்கெல்லாம் வச்சுட்டு அவர விட்டா நல்லாவா இருக்கும்? அப்புடியே, 'புள்ளைக்கு மாமன் மடி வேணுமுங்க, கேசு பேப்பரச் சீக்கிரம் முடிச்சு விடுங்க'ன்னு கும்புட்டேன். தங்கமான மனுசன். ரைட்டரக் கூப்புட்டு, 'இது இன்னுமா கெடக்கு? நாளைக்கே கோர்ட்டுல போட்டுரு'ன்னு என் முன்னாடியே சத்தம் போட்டாரு."

"வக்கீலம்மாகிட்ட ஒரு வார்த்த கேட்டியா?"

"அந்தப் பொண்ணுக்கு வேகம் பத்தல. நான் ஒரே நாள்ல முடிச்சேன் பாரு."

கம்பி வலையைப் பிய்த்தெறிய வேண்டும் போல் ஆத்திரம் வந்தது. ஆனால் என்ன செய்வது? திரும்பப் போய், பேப்பரைப் போடாதீர்கள் என்று அவரிடம் சொல்லச் சொல்வதா?

மறுநாளே சார்ஜ்ஷீட் கோர்ட்டுக்குப் போய்விட்டது. அடுத்த நாள் வந்த தேவிப்ரியா, எழுதி வைத்திருந்த மனுவைப் பையிலிருந்து எடுக்கவே இல்லை. இனிப் பழையபடி ஜாமீன் கேட்டுக் காத்துக் கிடக்க வேண்டியதுதான் என்றார்.

"அவங்களுக்கு யாரு ஞாபகப்படுத்துனது?"

"தெரியலைங்க" என்றேன்.

காதுகுத்து முடிந்து ஆத்தா மறுபடி வந்தாள்.

"பங்காளி மகன் நல்லதம்பி மடியில வச்சுக் குத்துனோம். மாமா எங்கன்னு புள்ள ஒரே அழுக. இன்ஸ்பெக்டர் ஐயா வந்து, இருந்து சாப்புட்டுத்தான் போனாரு. 'சொன்ன மாதிரி பேப்பரப் போட்டுட்டேம்மா'ன்னாரு. அந்த மனுசன் அம்புட்டுச் செஞ்சும் ஒன்னய வெளிய கொண்டாரத் தெரியலையே இந்த வக்கீலுக்கு!"

அந்தம்மா மேல் தப்பில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். சொன்னால், பிறகு யார் மேல்தான் தப்பு என்று கேட்பாள்.

"ஆமாத்தா" என்றேன். "அந்தம்மா கொஞ்சம் மந்தம்தான்."