கார்னர் கிக் வரும்போதெல்லாம்

"தப்பான நம்பரைப் போட்டு என் வாழ்க்கையையே..."

"தப்பான நம்பரா! உங்க வீட்டு நம்பர் எனக்கு..."

"மனப்பாடம்னு மட்டும் சொல்லாத! கணக்குல எட்டு மார்க் வாங்கினவன்தானடா நீ?"

"என் மார்க்கை விடு, நான் சொல்றதைக் கேளு..."

லிஃப்ட் கூண்டிலிருந்து இரண்டு குரல்களும் முட்டி மோதிக்கொண்டு மேலே வந்தன. இந்தக் கோடையில் ஷுப்ரா பகுதியில் தினமும் மூன்று மணிக்குக் கரண்ட் போனால் நாலுக்குத்தான் வரும். என் மகன் ஹைதமும், குவைத்திலிருந்து லீவில் வந்த அவன் சிநேகிதன் ராமிஸும் மூன்றடிக்க ஒரு நிமிடம் இருக்கும்போது ஏறி, எங்கள் ஐந்தாவது மாடிக்குக் கொஞ்சம் கீழே மாட்டிக்கொண்டார்கள். நான் கம்பிவலைக் கதவருகே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன். என் முட்டிகள் படியிறங்கி இரண்டு வருடமாகிறது.

"அம்மா, வாட்ச்மேன் ஷஹாத்தா வந்தானா?"

"மோட்டார் ரூம் சாவி தேடுறானாம்."

"போன வாரம் நாலாவது மாடி டாக்டர் மாட்டினப்பவும் அதைத்தான் தேடினான். அவன் தேடி முடிக்கிறதுக்குள்ள கரண்டே வந்துடுச்சு."

"அதுவரைக்கும் இவன்கூடவா? கயித்தை அறுத்து விடச் சொல்லுங்க சின்னம்மா!" என்றான் ராமிஸ்.

சண்டை ஒரு பழைய டிஸ்க்கைப் பற்றியது. பதினேழு வருடங்களுக்கு முன் இருவரும் ஒரு கால்பந்து வீடியோ விளையாட்டைப் பிரித்து, அதில் வர்ணனை சொன்ன வெளிநாட்டுக்காரனின் குரலை எடுத்துவிட்டு ஹைதமின் அரபிக் குரலைப் போட்டார்கள். கம்ப்யூட்டர் வேலையெல்லாம் ராமிஸ். ஹைதம் என் துணி அலமாரிக்குள் குளிர்காலக் கம்பளிகளுக்கு நடுவே உட்கார்ந்து, வேர்த்து வழிய, இல்லாத மேட்சுக்கு உயிரைக் கொடுத்துக் கத்துவான். டிஸ்க் கைமாறிக் கைமாறி பஸ்ரா வரை போனது. முதல் திரையில் ஹைதமின் பெயரையும் எங்கள் வீட்டு போன் நம்பரையும் ராமிஸ் போட்டிருந்தான். யாராவது கூப்பிடுவார்கள் என்று ஹைதம் ஒரு வருடம் காத்திருந்தான். பிறகு பதிவு அலுவலகத்தில் டோக்கன் எண் கூப்பிடும் வேலைக்குச் சேர்ந்தான்.

இப்போது யாரோ அதை யூடியூபில் ஏற்றியிருக்கிறார்கள்.

"எழுபதாயிரம் பேர் பார்த்திருக்காண்டா! அல்ஜீரியாக்காரன் ஒருத்தன் எழுதறான்: கோல் விழுந்தா இன்னும் எங்க தெருவுல இந்த ஆள் சொன்னதைத்தான் கத்தறோம்னு. என்னது அது, வலையைத் தைக்க..."

தொண்டையைச் செருமும் சத்தம். அப்புறம் ஹைதமின் அந்தக் குரல்.

"வலையைத் தைக்க ஆள் கூப்பிடுங்கப்பா! கிழிஞ்சுது! கிழிஞ்சே போச்சு!"

கட்டடம் அதிர்ந்தது. மூன்றாவது மாடியில் யாரோ கை தட்டினார்கள்.

"நாளைக்குக் காலைல எட்டு மணிக்கு இந்த வாய்தான், 'எண் நாற்பத்தேழு, ரெண்டாவது ஜன்னல்'" என்றான் ஹைதம்.

"விடுடா. எல்லாருக்கும் உன்னைவிடச் சின்னம்மாவைத்தான் பிடிச்சிருக்கு. கார்னர் கிக் வந்தாலே..."

"ஹைதம், மொலோகியா ஆறுது, வந்து தின்னு!" என்று இருவரும் சேர்ந்து கத்திவிட்டுச் சிரித்தார்கள். அன்று சமையலறையிலிருந்து நான் கத்தியது பதிவாகிவிட்டது. ராமிஸ் வெட்டாமல் விட்டுவிட்டான். நானும் சிரித்தேன்.

"சிரிப்பெல்லாம் சரி," ஹைதம் பழையபடி ஆரம்பித்தான். "வீடியோவுக்குக் கீழே ஒரு டி.வி. சேனல்காரர் எழுதியிருக்காரே, என்னைத் தேடினாங்க, கிடைக்கலன்னு. நம்பர் சரின்னா எப்படிக் கிடைக்காம போகும்?"

"முழுசாப் படிச்சியா நீ?"

"பாதி படிக்கறப்ப லிஃப்ட் நின்னுது. சிக்னலும் போச்சு."

"என் போன்ல இருக்கு. கேளு. 'புதுச் சேனலுக்கு வர்ணனையாளர் தேடினோம். டிஸ்க்கில் இருந்த நம்பருக்கு மூன்று முறை போன் செய்தேன். மூன்று முறையும் ஒரு பெண்மணி, அப்படி யாரும் இங்கே இல்லை என்றார்.'"

"பார்த்தியா? தப்பு நம்பர்!"

"இருடா, இன்னும் இருக்கு. 'பிறகு ஒருநாள் என் மகன் அதை விளையாடியபோது, கார்னர் கிக்...'"

ராமிஸ் நிறுத்திவிட்டான்.

"போனை அணைப்பா ராமிஸ்," என்றேன். "சார்ஜ் போயிடும்."

"ஆமா சின்னம்மா. ஆறு பர்சென்ட்தான் இருக்கு."

"குடு இங்க."

"ஒண்ணுமில்லடா, சும்மா ஏதோ..."

"குடுடா!"

கூண்டுக்குள் போன் வெளிச்சம் ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குத் தாவியதை வலைவழியே பார்த்தேன். எழுந்து உள்ளே போயிருக்கலாம். வீட்டுக் கதவு என் பின்னால் திறந்துதான் கிடந்தது. அவன் அப்பா ஜித்தாவுக்குப் போனவர், சவப்பெட்டியில்தான் திரும்பினார். அந்தச் சேனல்காரர் மரியாதையானவர்; "தோஹாவில் தங்க வேண்டியிருக்கும், உங்கள் பையனா?" என்று அன்று போனில் கேட்டார். ஹைதம் அப்போது அடுத்த டிஸ்க்குக்காக அலமாரிக்குள் கத்திக்கொண்டிருந்தான். போனை என் மார்போடு அழுத்தி மூடிக்கொண்டேன்.

ஹைதம் நம்பர் கூப்பிடும் குரலில், ஏற்ற இறக்கமில்லாமல் வாசித்தான்: "'கார்னர் கிக் வந்ததும் அதே பெண்மணியின் குரல். சாப்பிடக் கூப்பிட்டார். அதற்குப் பிறகு நான் போன் செய்யவில்லை. ஒரு தாயோடு யார் வழக்காட முடியும்?'"

கீழேயிருந்து ஷஹாத்தா என்னைக் கூப்பிட்டுக் கத்தினான். "உம்மு ஹைதம்! சாவி கிடைச்சிடுச்சு! கையால சுத்தறேன். மேல ஏத்தட்டுமா, கீழ இறக்கட்டுமா?"

போன் வெளிச்சம் அணைந்தது.

இருட்டிலிருந்து ஹைதம் கேட்டான்:

"மூணு தடவையுமாம்மா?"