ஏழாம் வளையம்

ஆலையின் வருகைப் பதிவேட்டில் அவருக்கு ஒழுங்கான பெயரொன்று இருந்தது. ஆயினும் அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்தால் வாயிற்காவலனே தலையைச் சொறிவான். நீலக்கண்ணாடி என்றால்தான் எல்லாருக்கும் தெரியும். இரும்பு உருக்கும் ஊதுலையின் நெருப்பை வெறுங்கண்ணால் நோக்கலாகாது. ஆகவே உள்ளங்கை அகலமுள்ள நீலக் கண்ணாடித் துண்டொன்றின் வழியாகப் பார்ப்பது உலைக்காரர் வழக்கம். மற்றவர்கள் வேலை முடிந்ததும் அதனை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டுப் போவார்கள். இவரோ முப்பத்தோராண்டுகளாக அதைச் சட்டைப்பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தார். வீட்டு அடுப்பை அதன் வழியாகப் பார்ப்பார், தெருவிளக்கைப் பார்ப்பார். ஒருமுறை காய்ச்சலில் கிடந்த மனைவியின் முகத்தையும் அவ்வாறே பார்த்துவிட்டு, "பரவால்ல, சூடு கொறஞ்சிருக்கு" என்றாராம். அந்த அம்மையார் அதை இன்றளவும் மன்னிக்கவில்லை.

காலையில் ஆலை வாயிலை அடைந்தவுடன் நிமிர்ந்து உலையின் உச்சியைப் பார்ப்பது அவருடைய மற்றொரு பழக்கம். கடந்த நான்கு மாதங்களாக அங்கே பார்ப்பதற்கு ஒன்றுமில்லை. இருந்தாலும் பார்த்தார். எவரேனும், "உலை எப்படிண்ணே இருக்கு?" என்று கேட்டால், "தூங்குது. சாகல" என்று பதில் சொல்லுவார்.

நாட்டில் மிஞ்சியிருந்த ஊதுலை அது ஒன்றே. தண்டவாளம், பாலத்துக்கான தகடு, கப்பல் கட்டுவோருக்கு வேண்டிய தடித்த இரும்புப் பலகை யாவும் ஒருகாலத்தில் அதன் வயிற்றிலிருந்தே பிறந்தன. பின்னர் வெளிநாட்டுத் தகடு கப்பல் கப்பலாக வந்திறங்கலாயிற்று. இங்கே கனிமம் வாங்குகிற விலைக்கு அங்கிருந்து தகடாகவே வந்தது. ஆலை முற்றத்தில் வாங்குவாரற்ற தகடுகள் துருவேறி அடுக்கடுக்காகக் கிடந்தன. அரசாங்கத்துக்கு உலையை மூடவும் துணிவில்லை, நடத்தவும் மனமில்லை. "தற்காலிகமாக நிறுத்துக" என்று ஒற்றை வரியில் ஓர் ஆணை மட்டும் வந்தது.

ஊதுலையை விளக்கைப் போல அணைத்து ஏற்ற முடியாது. தூங்கத்தான் வைக்க முடியும். கழுத்து வரையில் கரியை நிரப்பி, காற்றை நிறுத்தி, சுற்றிலும் உள்ள இருபது ஊதுகுழல்களின் வாயையும் களிமண்ணால் அடைத்துவிடுவார்கள். உள்ளே கனல் ஆறுமாதம் வரையில் மூச்சைப் பிடித்துக்கொண்டு கிடக்கும். அதற்குள் களிமண்ணைப் பெயர்த்துக் காற்றைச் செலுத்தினால் உலை எழுந்துவிடும். ஆனால் அடிவயிற்றில் தங்கிய இரும்பு உறைந்துவிட்டால் எழாது. அப்புறம் வெடி வைத்துத்தான் அதை வெளியே எடுக்க வேண்டும்.

ஆயிரத்து இருநூறு பேர் அரைச் சம்பளத்துடன் வீட்டிலிருந்தார்கள். அவர்கள் அனைவரும் பிடித்துக்கொண்டிருந்தது 'தூங்குது, சாகல' என்ற நீலக்கண்ணாடியின் அந்த இரண்டு சொற்களைத்தான். அவர் மனைவியின் தம்பி, உலையைச் சுற்றி ஓடும் குளிர்நீருக்குப் பொறுப்பாளர், துறைமுகத்தில் பளுதூக்கியை ஓட்டும் வேலைக்கு அழைப்பு வந்தும் பதில் எழுதாமல் வைத்திருந்தார். தண்ணிக்காரர் என்பது அவருக்கு ஆலையில் வழங்கிய பெயர். "எதிரி இரும்ப இறக்கிப் போடற வேலையா எனக்கு?" என்று அவர் கேட்டபோது எல்லாரும் சிரித்தார்கள். பதில் எழுதுவதற்குக் கடைசி நாள் வருகிற புதன்கிழமை.

சனிக்கிழமை முற்பகலில் மேலாளர் அழைத்துச் சொன்னார்: தலைநகரிலிருந்து மூவர் குழு திங்கட்கிழமை வருகிறது. அவர்கள் கேட்கப்போவது ஒரே கேள்வி. உலையை மறுபடி எழுப்ப முடியுமா, முடியாதா?

ஆகவே இருபது குழல்களையும் திறந்து பார்த்தாக வேண்டியதாயிற்று. அதுவரையில் அவர் வாரந்தோறும் படிக்கட்டருகே இருந்த முதலிரண்டை மட்டுமே திறந்து பார்த்து வந்தார். அடிக்கடி திறந்தால் காற்றுப் புகுந்து கரி வீணாகும் என்பது முறையான காரணந்தான். உலைக்கு அடியில் சூடு காட்டும் கருவியின் முள் வாரத்துக்கு வாரம் இறங்கிக்கொண்டு வந்ததையும் அவர் கண்டிருந்தார். முள்தான் கெட்டுப்போயிற்று என்று இருமுறை கருவியை மாற்றினார். புதிய முள்ளும் இறங்கிற்று. மூன்றாவது கருவி கேட்டு எழுதியிருந்தார்.

பிற்பகல் வெயிலில் அவரும் தண்ணிக்காரரும் உலையைச் சுற்றியிருந்த மேடையில் ஏறினார்கள். முதல் குழலில் செங்கனல் தெரிந்தது. இரண்டிலும் தெரிந்தது, மூன்றில் மங்கல். நான்காவதில் நீலக்கண்ணாடி தேவைப்படவில்லை. அவர் அதை இறக்கிவிட்டு வெறுங்கண்ணாலேயே பார்த்தார்.

"மாமா, கண்ணாடி இல்லாம பாக்கறீங்க" என்றார் தண்ணிக்காரர்.

"பாக்கறதுக்கு ஏதாச்சும் இருந்தாத்தானே கண்ணாடி."

ஐந்தும் ஆறும் கருமை. ஏழாவது குழலின் களிமண் கையால் தொட்டபோதே பிசுபிசுவென்று வந்தது. நான்கு மாதம் உலையின்மேல் இருந்த களிமண் செங்கல்லாக இறுகியிருக்க வேண்டும். நீலக்கண்ணாடி நீண்ட இரும்புக் கம்பியை உள்ளே செலுத்தினார். கரியில் சொருகிக்கொண்டு போகவேண்டிய கம்பி இரண்டு முழத்தில் 'ணங்' என்று முட்டி நின்றது. இன்னொரு முறை குத்தினார். மீண்டும் அதே ஒலி. வெளியே இழுத்தபோது கம்பியின் நுனி சூடாயில்லை. அதில் ஈரமிருந்தது.

தண்ணிக்காரர் அந்த நுனியை விரலால் தடவிப் பார்த்துவிட்டு விரலைச் சட்டையில் துடைத்துக்கொண்டார். சொல்ல வேண்டியதை அவர் நான்கு மாதங்களுக்கு முன்பே சொல்லியிருந்தார்.

ஒவ்வொரு குழலைச் சுற்றியும் செம்பு வளையம் ஒன்றுண்டு. அதற்குள் தண்ணீர் ஓடிக்கொண்டே இருக்கும். இல்லையேல் செம்பு வெந்து உருகிவிடும். உலையைத் தூங்க வைத்த நாளன்று ஏழாம் வளையம் இலேசாகக் கசிவதாகத் தண்ணிக்காரர் சந்தேகித்தார். சந்தேகமான வளையத்துக்கு நீரை நிறுத்திவிட வேண்டுமென்பது உலைக்காரர் அனைவரும் அறிந்த விதி. வளையம் பாழானாலும் உலை பிழைக்கும். ஆனால் கிடங்கில் மாற்று வளையம் இல்லை. முன்பெல்லாம் அதனை வார்த்துக் கொடுத்த உள்நாட்டுப் பட்டறை, ஆலை வாங்குவதைக் குறைத்ததும் மூடிப்போயிற்று. இனி வெளிநாட்டிலிருந்து வரவேண்டும். எழுதிப் போட்டு ஏழு மாதமாகியும் வரவில்லை. உலையை எழுப்பச் சொல்லி ஆறே வாரத்தில் ஆணை வந்துவிடும், அப்போது வளையமில்லாமல் உலையை எழுப்ப முடியாமற் போனால் ஊரே சிரிக்கும் என்று நீலக்கண்ணாடி எண்ணினார். "கசிவெல்லாம் ஒண்ணுமில்ல மாப்ளே, வேர்த்திருக்கு. தண்ணிய நிறுத்தாதே" என்றார். முப்பத்தோராண்டு அனுபவம் சொல்லும்போது எதிர்ப்பேச்சுக்கு இடமேது?

எழுவதற்காகச் சேமித்து வைத்த வளையம் சொட்டுச் சொட்டாக உலையின் அடிவயிற்றை நனைத்து உறையவைத்துக்கொண்டே இருந்திருக்கிறது.

இருபது குழலையும் பார்த்து முடித்துவிட்டு இருவரும் படிக்கட்டில் உட்கார்ந்தார்கள்.

"அன்னிக்கே சொன்னே நீ" என்றார் நீலக்கண்ணாடி.

"நான் சொன்னேன், நீங்க கேக்கல, சரியாப்போச்சு. இப்ப அத விடுங்க. இது யாருக்குத் தெரியும்? நமக்கு ரெண்டு பேருக்குத்தான். மொத ரெண்டு குழல்ல இன்னும் கனல் இருக்கு. வர்றவங்களுக்கு அந்த ரெண்டையும் காட்டுங்க. அவங்களுக்கு என்ன தெரியப்போவுது? தலைநகர்ல இரும்பப் பாத்தது சன்னல் கம்பியிலதான்."

"அப்புறம்?"

"அப்புறம் காத்திட்டு இருப்பாங்க. அரைச் சம்பளம் ஓடும். ரெண்டு மாசம் கழிச்சு ஆறு மாசக் கெடு தாண்டிடும். தானா செத்துப்போச்சும்பாங்க. அரசாங்கம் தாமசம் பண்ணுச்சு, உலை செத்துப்போச்சு. உங்க பேரே வராது."

"நீ துறைமுகத்துக்கு வர்றேன்னு எழுதிப் போட்டுடு" என்றார் நீலக்கண்ணாடி.

"நல்லாருக்கே! உலைக்குத் தண்ணி விடறவனே மூட்டையக் கட்டினா மத்தவனெல்லாம் என்ன நெனப்பான்? ஏன் போறான்னு நோண்டுவான். நோண்டினா ஏழாம் வளையம் வரும், நீங்க வருவீங்க. நான் போகல மாமா. ரெண்டு மாசம்தானே."

"ரெண்டு மாசம் கழிச்சு அந்த வேலை இருக்குமா?"

தண்ணிக்காரர் களிமண் ஒட்டிய கையைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

அன்று மாலை வீட்டில் சாப்பாட்டுத் தட்டின்முன் நீலக்கண்ணாடி சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார், வாய்க்குக் கொண்டுபோகவில்லை. மனைவி எதிரே வந்து உட்கார்ந்தார்.

"ஏங்க, அந்தச் சோறு என்ன பாவம் பண்ணுச்சு? சாப்பிடுங்க, இல்ல விட்ருங்க."

"பசியில்ல."

"தம்பி இப்பத்தான் வந்துட்டுப் போனான். துறைமுகத்து வேலை வேண்டாம்னு எழுதப்போறானாம். காலையில வரைக்கும் எழுதலாமா வேண்டாமான்னு ஊசலாடிட்டிருந்தவன், திடீர்னு முடிவு பண்ணிட்டான். அவன் பொண்டாட்டி அழுவுறா. மாமா சொன்னாரா உலை எழுந்துரும்னு, அப்படின்னு கேட்டேன். மாமா எப்பவும் சொல்றதுதானேன்னு சிரிச்சிட்டுப் போயிட்டான். சிரிப்பு சரியில்ல." அம்மையார் சற்று நிறுத்தினார். "நீங்க என் மூஞ்சியப் பாத்துச் சொல்லுங்க. அவன் போகணுமா, இருக்கணுமா?"

அவர் முகத்தைப் பார்க்கவில்லை. கை தானாகச் சட்டைப்பைக்குப் போயிற்று.

"அந்தக் கண்ணாடிய எடுத்தீங்கன்னா ஒடச்சிப் போட்ருவேன்" என்றார் மனைவி.

அவர் கையை எடுத்துவிட்டார். கேள்வி தட்டுக்கும் தண்ணீர்க் குவளைக்கும் நடுவே அப்படியே கிடந்தது. ஞாயிற்றுக்கிழமை முழுதும் கிடந்தது. தெருவில் அவர் நடந்தபோது வீட்டுக் கூரையின் ஓடுகளை மாற்றிக்கொண்டிருந்த ஒருவர் ஏணியிலிருந்து, "என்னண்ணே, திங்கக்கெழம நல்ல சேதிதானே?" என்று கூவினார். ஆலையின் தகடு உருட்டும் பிரிவில் இரும்பைப் பற்றவைப்பவராக இருந்த மனிதர் அவர். வெளியூர் வேலையை வேண்டாமென்று சொல்லிவிட்டு வீட்டைப் பழுதுபார்த்துக்கொண்டிருந்தார். நீலக்கண்ணாடி கையை மட்டும் அசைத்தார். வழக்கமான இரண்டு சொற்கள் வாயில் வரவில்லை. அதை அவர் கவனித்தாரோ என்னவோ, ஏணியிலிருந்தபடியே நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

திங்கட்கிழமை காலை, குழுவின் வண்டி வாயிலை அடைவதற்கு அரைமணி முன்னதாக மேலாளர் அவரைத் தம் அறைக்கு அழைத்தார். வயதில் இளையவர், நீலக்கண்ணாடியை ஐயா என்றே அழைப்பவர். மேசைமேல் தட்டச்சு செய்த ஒரு தாள் இருந்தது. 'ஊதுலை மீட்கத்தக்க நிலையில் உள்ளதெனச் சான்றளிக்கிறேன்' என்பது அதன் சாரம். கீழே கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது.

"சனிக்கிழமை எல்லாக் குழலையும் தெறந்து பாத்தீங்கன்னு தெரியும் ஐயா. என்ன பாத்தீங்கன்னு நான் கேக்கல. நீங்களும் சொல்ல வேண்டாம்."

"கேட்டாச் சொல்லலாம்னுதான் வந்தேன் சார்."

"அதனாலதான் கேக்கல." மேலாளர் எழுந்து சன்னலருகே போனார். முற்றத்தில் துருவேறிய தகடுகள் வரிசையாகத் தெரிந்தன. "இந்த உலை போச்சுன்னா, சொந்தமா இரும்பு எடுக்கத் தெரியாத நாடு ஆயிருவோம். இன்னிக்கு மலிவா விக்கிறவன் நாளைக்கு நமக்கு உலை இல்லைன்னு தெரிஞ்சதும் அதே விலைக்குக் கொடுப்பானா? கப்பல் வரலேன்னா பாதியில நிக்கிற பாலத்துக்கு எங்க போவோம்? தலைநகர்ல இதச் சொல்லிச் சொல்லி எனக்குத் தொண்டை வறண்டுபோச்சு. ரெண்டு மாசம் கெடச்சா இன்னொரு தடவ சொல்லிப் பாப்பேன். இல்லேன்னா பழைய இரும்ப உருக்கற மின்உலை ஒண்ணு வெப்பாங்க. முந்நூறு பேருக்கு வேலை. மிச்சம் தொள்ளாயிரம் பேர் என்ன பண்ணுவாங்க? சொல்லுங்க."

அவர் கூறியதில் பொய்யேதுமில்லை என்பது நீலக்கண்ணாடிக்குத் தெரியும். இதே பேச்சை அவரே தேநீர்க் கடையில் எத்தனையோ முறை பேசியிருக்கிறார். நாட்டுக்கு இரும்பு வேண்டும். ஆனால் மேசைமேல் இருந்த தாளிலிருந்து ஒரு பலம் எடை இரும்பும் வராது. தொள்ளாயிரம் பேர் என்ன செய்வார்கள் என்ற கேள்விக்கு அவரிடம் விடையில்லை. என்ன செய்யாமல் இருக்கிறார்கள் என்பது மட்டும் தெரியும்: ஒருவர் வெளியூர் வேலைக்குப் போகாமல் ஓடு மாற்றுகிறார், இன்னொருவர் புதன்கிழமை வருவதற்குள் ஒரு கடிதத்தில் வேண்டாமென்று எழுதப்போகிறார், அதுவும் இவரைக் காப்பதற்காக.

வாயிலில் வண்டியின் ஒலி கேட்டது. மேலாளர் பேனாவை மூடி கழற்றி நீட்டினார்.

நீலக்கண்ணாடி அதை வாங்கிக்கொண்டார். மூடிக்காகக் கையை நீட்டி, அதையும் வாங்கிப் பேனாவைத் திருகி மூடி, தாளின்மேல் வைத்தார். பின்பு சட்டைப்பையிலிருந்த நீலக் கண்ணாடியை எடுத்து அதனருகே வைத்தார்.

"இதுல நான் கையெழுத்துப் போடல சார்" என்றார். "உலை செத்துப்போச்சு. ஏழாம் வளையத்துக்குத் தண்ணிய நிறுத்த வேண்டாம்னு சொன்னது நான்தான். ரெண்டையும் அவங்ககிட்ட நானே சொல்லிடறேன்."